10,000 கதிர், 52 பவுண்டு கூலி: மார்க்ஸின் நூற்பாலைக் கணக்கை எப்படி வாசிப்பது?

திண்ணைப்பாடம் கேட்டது:

'மூலதனம்' முதல் தொகுதியில், உபரி மதிப்பு (தொழிலாளி தன் கூலிக்கு மேல் உண்டாக்கும் மதிப்பு) விகிதம் பற்றிய அத்தியாயத்தில் (ஆங்கிலப் பதிப்பில் 9, ஜெர்மன் பதிப்பில் 7) மான்செஸ்டர் நூற்பாலை ஒன்றின் ஒரு வார வரவுசெலவு வருகிறது. 1871 ஏப்ரல் விலையில், பவுண்டுக் கணக்கில் சுருக்கினால்:

பஞ்சு – 342
இயந்திரத் தேய்மானம் – 20
கட்டட வாடகை – 6
நிலக்கரி, கேஸ், எண்ணெய் முதலியன – 10
கூலி – 52
நூல் விற்ற வரவு – 510

430 போட்டு 510 எடுக்கிறார் முதலாளி. மிச்சம் 80. இதுவரை புரிகிறது.

அதற்குப் பிறகு, கூலி தவிர்த்த 378 பவுண்டைச் 'சுழி' என்று வைத்துவிட்டு 80-ஐ 52-ஆல் வகுத்து 153 11/13 சதவீதம் என்கிறார். வணிகவியல் படித்தவர்களிடம் கேட்டால் 80-ஐ 430-ஆல் வகுத்து லாபம் 18.6 சதவீதம்தான் என்கிறார்கள். பஞ்சும் இயந்திரமும் இல்லாமல் வெறுங்கையால் நூல் நூற்க முடியுமா, அவற்றை எப்படிச் சுழி ஆக்கலாம் என்று கேட்கிறார்கள். எனக்கும் பதில் சொல்லத் தெரியவில்லை.

இதே வரவுசெலவை ஆங்கிலப் பொருளியலாளர் ரிக்கார்டோவிடமோ, 'இறுதிநிலை உற்பத்தித்திறன்' (கடைசியாகச் சேரும் ஓர் அலகு கூட்டும் விளைவு) பேசும் அமெரிக்கப் பொருளியலாளர் கிளார்க்கிடமோ கொடுத்தால் மூலதனத்துக்கும் உழைப்புக்கும் எப்படிப் பங்கு பிரிப்பார்கள்? இன்றைக்கு ஒரு நூற்பாலையின் ஆண்டறிக்கையை வைத்து இந்தக் கணக்கைப் போட முடியுமா? தத்துவ விளக்கம் நிறையக் கிடைக்கிறது. எண்களை வைத்துச் சொன்னால் உதவியாக இருக்கும்.

---

கணக்கர்32 பதில்:

முதலில் அந்த எண்கள் எங்கிருந்து வருகின்றன என்று பாருங்கள், தோழர். இல்லையென்றால் பின்னால் எல்லாமே இடறும். குழப்பம் வராதபடி எடையை ராத்தல் என்றும் பணத்தைப் பவுண்டு என்றும் எழுதுகிறேன். அன்றைய ஒரு பவுண்டுக்கு 240 பென்ஸ்.

10,000 கதிர் (நூலை முறுக்கிச் சுற்றும் தண்டு), கதிருக்கு வாரம் ஒரு ராத்தல், ஆக 10,000 ராத்தல் நூல். 32ஆம் நம்பர் நூல் என்பதால் ஒரு ராத்தலில் 840 கெஜச் சிட்டம் 32 இருக்கும். கழிவு 6 சதவீதம் என்கிறாரே, அது நூலின் எடை மீது. 10,600 ராத்தல் பஞ்சு உள்ளே போய் 600 கழிகிறது. இன்றைய மில்காரர்கள் போட்ட பஞ்சின் மீது கணக்கிடுவார்கள். அப்படியானால் கழிவு 5.66 சதவீதம், ரியலைசேஷன் (போட்ட பஞ்சில் நூலாகத் தேறியது) 94.34. கழிவுப் பஞ்சை விற்ற காசு இந்தக் கணக்கில் வரவாகக் காட்டப்படவில்லை.

பஞ்சு ராத்தல் 7¾ பென்ஸ்: 10,600 × 7.75 = 82,150 பென்ஸ், அதாவது 342 பவுண்டு. நூல் ராத்தல் 12¼ பென்ஸ்: 1,22,500 பென்ஸ், அதாவது 510 பவுண்டு. இயந்திரம் கதிருக்கு 1 பவுண்டு வீதம் 10,000 பவுண்டு. தேய்மானம் 10 சதவீதம், ஆண்டுக்கு 1,000. அதை 50 வாரத்தால் வகுத்துத்தான் 20 வருகிறது. வாடகையும் ஆண்டுக்கு 300, 50-ஆல் வகுத்து 6. இந்த 50-ஐ நினைவில் வையுங்கள். நிலக்கரி 11 டன், டன் 8½ ஷில்லிங்.

இந்த விவரங்களை ஒரு மான்செஸ்டர் ஆலைக்காரர் கொடுத்ததாக அடிக்குறிப்பே சொல்கிறது. முதல் பதிப்பில் இருந்த 1860ஆம் ஆண்டுக் கணக்கில் பிழைகள் இருந்ததால் இரண்டாம் பதிப்பில் மாற்றினார். மார்க்ஸ் தன் கோட்பாட்டுக்கு ஏற்ப எண்களை ஜோடித்தார் என்று சிலர் சொல்வதால் இதைச் சொல்கிறேன்.

இனி உங்கள் கேள்வி. 153 11/13, 18.6 இரண்டுமே சரியான வகுத்தல். இரண்டும் வேறு வேறு கேள்விக்கான பதில். 80/52 சொல்வது இது: அந்த வாரம் புதிதாகச் சேர்ந்த மதிப்பு 510 − 378 = 132. அதில் உழைத்தவர் பங்கு 52, உழைக்காதவர் பங்கு 80. பத்து மணி நேர வேலைநாளில் 52/132 பங்கு, அதாவது 3 மணி 56 நிமிடம், தொழிலாளி தன் கூலிக்கு ஈடானதைச் செய்கிறார். மீதி 6 மணி 4 நிமிடம் ஆலைக்காரருக்கு. இது லாப விகிதமே அல்ல. பங்கு பிரிந்த விகிதம்.

18.6-ஐ லாப விகிதம் என்பதும் அரைகுறைதான். 430 என்பது ஒரு வாரச் செலவு. ஆலைக்காரர் போட்ட முதலில் 10,000 பவுண்டு இயந்திரம் முழுசாக நிற்கிறது, அதில் வாரம் 20தான் செலவில் ஏறியிருக்கிறது. இதைச் சரியாகப் போட்டவர் மார்க்ஸின் தோழர் எங்கெல்ஸ். மூன்றாம் தொகுதியின் 4ஆம் அத்தியாயத்துக்கு மார்க்ஸ் தலைப்பை மட்டுமே விட்டுச்சென்றார். உள்ளே எழுதியது எங்கெல்ஸ். அங்கே இதே ஆலையை எடுத்து, இயந்திரம் 10,000, சுழலும் முதல் 2,500, மொத்தம் 12,500 என்று வைக்கிறார். ஆண்டு உபரி 80 × 52 = 4,160. லாப விகிதம் 33.28 சதவீதம். அந்த 12,500-இல் கூலிக்காகப் போட்டு வைத்த தொகை 318 மட்டுமே. ஆண்டுக்கு எட்டரை முறை அது திரும்பி வந்து மறுபடி கூலியாகிறது: 318 × 8½ = ஏறக்குறைய 2,704 = 52 × 52. மூலதனத்தில் இரண்டரை சதவீதம்தான் கூலிக்குப் போனது என்று யாராவது சொன்னால், இருப்பையும் ஓட்டத்தையும் குழப்புகிறார் என்று பொருள். (மார்க்ஸ் ஆண்டுக்கு 50 வாரம் வைத்தார், எங்கெல்ஸ் 52. 50 வாரம் வைத்தால் லாபம் 4,000, விகிதம் 32. இரண்டு தொகுதிகளையும் பக்கத்தில் வைத்துப் படிப்பவர்கள் முட்டிக்கொள்ளும் இடம் இது.)

அந்தச் 'சுழி'. பஞ்சும் இயந்திரமும் தேவையில்லை என்று அவர் சொல்லவே இல்லை. அவற்றின் மதிப்பு நூலில் அப்படியே திரும்பி வருகிறது, கூடுவதுமில்லை குறைவதுமில்லை என்கிறார். பஞ்சு விலை இரட்டிப்பாகி 684 ஆனது, நூல் விலையும் அதே 342 ஏறியது என்று வையுங்கள். கூலி 52, உபரி 80. உழைப்பவருக்கும் உடைமையாளருக்கும் நடுவே எதுவும் மாறவில்லை. செலவின் மீதான விகிதம் மட்டும் 80/772 = 10.4 ஆக விழுகிறது. பங்கு பிரிவதை அறிய வேண்டுமென்றால் பஞ்சு விலையை வெளியே எடுத்தாக வேண்டும். சுழி வைப்பது அதற்காகத்தான்.

நடைமுறையில் நூல் விலை பஞ்சு விலையோடு அப்படியே ஏறுவதில்லை. அமெரிக்க உள்நாட்டுப் போரின்போது லங்காஷயரில் பஞ்சுப் பஞ்சம் வந்து, நம் நாட்டுச் சூரத்துப் பஞ்சை ஓட்டினார்கள். குட்டை இழை, குப்பை அதிகம், அடிக்கடி அறுந்தது. அறுந்த நேரமெல்லாம் துண்டுக்கூலிக்காரரின் தலையில் விழுந்தது. மூலப்பொருள் 'நடுநிலை' என்பது ஏட்டில்தான். ஆலைக்குள் அதன் தரமே கூலியைத் தின்றுவிடும்.

சுழி வைக்காவிட்டால் எவ்வளவு பெரிய தவறு வரும் என்பதற்கு அதே அத்தியாயத்தில் ஒரு பாடம் இருக்கிறது: ஆக்ஸ்ஃபோர்டு பேராசிரியர் சீனியர், 1837. ஆலை 80,000, பஞ்சும் கூலியும் 20,000, ஆக முதல் ஒரு லட்சம் பவுண்டு. மொத்த லாபம் 15 சதவீதம். ஆண்டு வரவு 1,15,000. வேலைநாள் 11½ மணி, அதாவது 23 அரைமணிகள். ஒவ்வொரு அரைமணியும் 5,000 பவுண்டு. முதல் 20 அரைமணி முதலைத் திருப்புகிறது, 21ஆவது தேய்மானத்துக்கு, கடைசி இரண்டுதான் நிகர லாபம். ஆகவே நாளைக்கு ஒரு மணி நேரம் குறைத்தாலே நிகர லாபம் போய்விடும் என்றார். பத்து மணிநேர வேலைநாள் கேட்டவர்களுக்கு எதிராக ஆலைக்காரர்கள் கையிலெடுத்த வாதம் இது.

இதை நம் ஆலையில் பொருத்துங்கள். வேலை வாரம் 60 மணி. சீனியர் முறைப்படி லாபம் பிறக்கும் நேரம் 60 × 80/510 = 9 மணி 25 நிமிடம். வாரத்தில் அவ்வளவு குறைத்தால் லாபம் சுழி ஆக வேண்டும். நிஜமாகப் போட்டுப் பார்ப்போம். நூல் 430 பவுண்டுக்கு விற்கும். ஆனால் பஞ்சும் குறைந்துதானே போகும்? 288. நிலக்கரி முதலிய துணைப்பொருள் 8½. தேய்மானம் 20, வாடகை 6 அப்படியே. வாரக்கூலியையும் குறைக்காமல் 52 என்றே வைக்கிறேன். மொத்தம் சுமார் 375. லாபம் 55. துண்டுக்கூலியாக இருந்தால் கூலியும் 44-க்கு இறங்கி லாபம் 63. பஞ்சின் மதிப்பை 'மறுபடி உண்டாக்க' தொழிலாளி நேரம் செலவிடுவதாக நினைத்ததுதான் சீனியரின் தவறு. பஞ்சு ஏற்கெனவே மதிப்போடு ஆலைக்குள் வருகிறது.

2023 ஏப்ரலில் தமிழ்நாட்டில் 12 மணிநேர வேலைக்கான தொழிற்சாலைச் சட்டத் திருத்தம் சட்டமன்றத்தில் நிறைவேறி, மே தினத்தன்று திரும்பப் பெறப்படுவதாக அறிவிக்கப்பட்டதே, வேலை நேரம் பற்றி அப்படி ஒரு வாதம் எழும்போதெல்லாம் இந்தக் கணக்கை ஒருமுறை போட்டுப் பாருங்கள். நேரத்தோடு ஏறி இறங்குவது எது, நிலையாக நிற்பது எது என்று பிரித்தாலே பாதி வாதம் தெளிந்துவிடும்.

---

மூன்றாம்பதிப்பு பதில்:

ரிக்கார்டோ பங்கை மட்டும் எடுத்துக்கொள்கிறேன்.

132-ஐ 52 + 80 என்று பிரிப்பதில் ரிக்கார்டோவுக்கு மறுப்பு இருக்காது. கூலி ஏறினால் லாபம் இறங்கும், விலை ஏறாது என்பதே அவருடைய அடிப்படை. கூலி 60 ஆனால் லாபம் 72. விலையை ஏற்றி ஈடுகட்டிவிடலாம் என்று ஆடம் ஸ்மித் வழியில் வருபவர்கள் சொல்வதை அவர் ஏற்கவில்லை. ஒரு விலக்கு மட்டும் உண்டு. இயந்திரம் அதிகம் நிற்கும் தொழிலிலும் கூலி அதிகம் போகும் தொழிலிலும் லாப விகிதம் சமமாக வேண்டுமென்றால் விலைகள் கொஞ்சம் நகரும். அந்த நகர்வு 6, 7 சதவீதத்தைத் தாண்டாது என்றார். கேள்வி சிறியதுபோலத் தெரிந்தாலும் கடைசிவரை அவரை விடாமல் துரத்தியது. 1960-இல் பொருளியலாளர் ஸ்ராஃபா 'படித்தரச் சரக்கு' (கூலியும் லாபமும் மாறினாலும் தான் நகராத அளவுகோல்) ஒன்றைக் கட்டி முடித்தபோதுதான் அதற்கு ஒரு விடை கிடைத்தது.

ஆனால் மூலதனம், உழைப்பு என்று பேசும் யாரும் தவறவிடக் கூடாதது அவருடைய 'அரசியல் பொருளாதாரக் கோட்பாடுகள்' நூலின், 1821-இல் வந்த மூன்றாம் பதிப்பில் அவர் புதிதாகச் சேர்த்த 'இயந்திரங்கள் பற்றி' என்ற அத்தியாயம். இயந்திரம் எல்லா வகுப்பாருக்கும் நன்மை என்று அதுவரை நம்பியவர், இப்போது மனம் மாறிவிட்டதாக அதிலேயே எழுதுகிறார். அவருடைய சீடர் மக்கல்லக் இதைக் கண்டு கொதித்துக் கடிதம் எழுதினார். எண்கள் இவை:

முதலாளியின் முதல் 20,000 பவுண்டு. கட்டடம், கருவி 7,000, கூலிக்கு 13,000. லாபம் 10 சதவீதம். ஆண்டு முடிவில் 15,000 பவுண்டுக்கு உணவும் தேவைப் பொருட்களும் விளைகின்றன. 2,000-ஐ அவர் உண்டு கழிக்கிறார், 13,000 மறுபடி கூலிக்குப் போகிறது.

ஓர் ஆண்டு பாதி ஆட்களை இயந்திரம் செய்ய விடுகிறார். ஆண்டு முடிவில் 7,500 பவுண்டு இயந்திரம், 7,500 பவுண்டு உணவு. மொத்தம் அதே 15,000. அவருக்கு ஒரு காசு நட்டமில்லை. தன் 2,000-ஐ எடுத்துக்கொள்கிறார். கூலிக்கு மிஞ்சுவது 5,500. முன்பு 13,000 இருந்த இடம். 7,500 பவுண்டுக் கூலியில் பிழைத்த ஆட்களுக்கு வேலை இல்லை. நிலைமுதல் 14,500, கூலிமுதல் 5,500, கூட்டினால் அதே 20,000. லாபமும் அதே 2,000.

நிகர விளைவு (லாபம்) குறையவில்லை, மொத்த விளைவு (ஆண்டில் விளையும் உணவும் தேவைப் பொருட்களும்) 15,000-இலிருந்து 7,500 ஆகிவிட்டது. முதலாளி பார்ப்பது நிகர விளைவை. தொழிலாளியின் பிழைப்பு நிற்பது மொத்த விளைவில். இரண்டும் தனித்தனியாக நகர முடியும் என்று காட்டியதுதான் இந்த அத்தியாயத்தின் கனம்.

இதை மேற்கோள் காட்டுபவர்கள் வழக்கமாகச் சறுக்குவது எங்கே என்றால், இயந்திரத்துக்கான பணம் எங்கிருந்து வந்தது என்று கேட்க மறப்பதில். கூலிக்கு இருந்த முதலிலிருந்து திருப்பப்பட்டால் மேலே சொன்னது நடக்கும். புதிதாகச் சேமித்த லாபத்திலிருந்து இயந்திரம் வாங்கினால் பழைய கூலிமுதல் தொடப்படுவதில்லை. அந்த அளவுக்கு வேலை அழியாது. ரிக்கார்டோவே இந்த வேறுபாட்டைச் சொல்லியிருக்கிறார். கண்டுபிடிப்புகள் பையப்பையத்தான் வருகின்றன, இயந்திரத்தைத் தடுத்தால் முதல் வெளிநாட்டுக்குப் போய்விடும் என்றும் எழுதினார். ஆக அவரை இயந்திர எதிர்ப்பாளர் ஆக்குவதும் தவறு, 'எல்லாம் தானாகச் சரியாகிவிடும்' என்றவர் ஆக்குவதும் தவறு.

---

இறுதிநிலை பதில்:

கிளார்க்கின் 1899ஆம் ஆண்டு நூல் கேட்கும் கேள்வியே வேறு. 132-ஐ யார் உண்டாக்கினார் என்று அவர் கேட்கமாட்டார். மற்றதெல்லாம் அப்படியே இருக்க, ஒரே ஓர் ஆளைச் சேர்த்தால் விளைவு எவ்வளவு கூடும்? அந்தக் கூடுதல்தான் கூலி. அதேபோல ஓர் அலகு மூலதனம் சேர்த்தால் கூடுவது வட்டி. போட்டி முழுமையாக இருந்தால் 52-உம் 80-உம் அவரவர் உண்டாக்கியதற்கு ஈடு என்ற முடிவு இங்கிருந்து வருகிறது. பங்குகளைக் கூட்டினால் மொத்தம் சரியாக வருமா என்ற கேள்விக்கு 1894-இலேயே விக்ஸ்டீட் பதில் தேடினார்: அளவை இரட்டித்தால் விளைவும் சரியாக இரட்டிக்க வேண்டும், அப்போதுதான் வரும்.

நூற்பாலையில் இதைப் பொருத்தும்போது முதல் சிக்கல் கண்ணெதிரே இருக்கிறது. கதிர் எண்ணிக்கையை மாற்றாமல் ஓர் ஆளை மட்டும் சேர்த்தால் நூல் கூடாது. ஓர் ஆளை எடுத்தால் அறுந்த இழையை முறுக்கிச் சேர்க்க ஆளில்லாமல் பல கதிர் நிற்கும். கூட்டினால் சுழி, குறைத்தால் பெரிய இழப்பு. 'இறுதி ஆளின் விளைவு' என்று ஒற்றை எண் கிடைப்பதில்லை. நீண்ட காலத்தில் வேறு வகை இயந்திரத்துக்கு மாறலாமே என்பது அவர்கள் பதில். நியாயம்தான். ஆனால் அங்கேதான் இரண்டாவது சிக்கல் காத்திருக்கிறது.

வேறு வேறு இயந்திரங்களை எந்த அலகில் கூட்டுவது? விலையில்தான் கூட்ட முடியும். இயந்திரத்தின் விலைக்குள் ஏற்கெனவே லாப விகிதம் இருக்கிறது. லாப விகிதத்தை விளக்க மூலதனத்தின் அளவு வேண்டும், அளவைச் சொல்ல லாப விகிதம் வேண்டும். 1950களின் தொடக்கத்தில் ஜோன் ராபின்சன் எழுப்பிய கேள்வி இது. பத்தாண்டுக்கு மேல் இரண்டு கேம்பிரிட்ஜுகளும் (இங்கிலாந்தில் ஒன்று, அமெரிக்காவில் ஒன்று) இதில் மோதின. வாயால் சொன்னால் பிடிபடாது. 1966-இல் சாமுவேல்சன் தந்த உதாரணத்தைக் கையால் போட்டுப் பாருங்கள்.

ஒரே பொருளைச் செய்ய இரண்டு வழிகள். முதல் வழியில் 7 அலகு உழைப்பை இரண்டு ஆண்டுகளுக்கு முன்பே போட்டுக் காத்திருக்க வேண்டும். இரண்டாம் வழியில் மூன்று ஆண்டுகளுக்கு முன் 2 அலகு, ஓராண்டுக்கு முன் 6 அலகு. கூலி அலகுக்கு 1. போட்ட பணம் ஆண்டுதோறும் கூட்டுவட்டியில் வளரும்.

வட்டி 0: முதல் வழி 7, இரண்டாம் வழி 8. முதல் வழி மலிவு.
வட்டி 50 சதவீதம்: இரண்டுமே 15.75.
வட்டி 75: முதல் வழி 21.44, இரண்டாம் வழி 21.22. இரண்டாவது மலிவு.
வட்டி 100: இரண்டுமே 28.
வட்டி 150: முதல் வழி 43.75, இரண்டாம் வழி 46.25. மறுபடி முதல் வழி மலிவு.

வட்டி மிகக் குறைவாக இருந்தபோது கைவிடாத முறை, நடுவில் போய், வட்டி மிக உயர்ந்ததும் திரும்பி வருகிறது. அப்படியானால் இந்த இரண்டில் எது 'மூலதனம் மிகுந்த' முறை? வட்டி இறங்கினால் மூலதனம் மிகுந்த முறைக்கு மாறுவார்கள் என்ற பாடப்புத்தக வரி எல்லா இடத்துக்கும் பொருந்தாது என்பதை சாமுவேல்சன் அந்தக் கட்டுரையில் ஒப்புக்கொண்டார். எதிர்த்தரப்பின் வாதத்தைத் தன் கையாலேயே கணக்காக்கிக் கொடுத்த அந்த நேர்மை எனக்குப் பெரிதாகப் படுகிறது.

'ஆனால் புள்ளிவிவரம் பொருந்துகிறதே' என்பார்கள். காப், டக்ளஸ் இருவரும் 1928-இல் அமெரிக்க ஆலை உற்பத்தியின் 1899–1922 விவரங்களை எடுத்து உழைப்புக்கு முக்கால், மூலதனத்துக்குக் கால் என்று அடுக்கு வைத்தார்கள், முன்னால் 1.01 என்ற பெருக்கி. 1899-ஐ 100 என்று வைத்தால் 1922-இல் உழைப்பு 161, மூலதனம் 431, விளைவு 240. சூத்திரத்தில் போட்டால் 208 வருகிறது. கடைசி ஆண்டில் 32 புள்ளி இடைவெளி.

அதைவிட அடிப்படையான தடை ஒன்று உண்டு. சேர்ந்த மதிப்பு = கூலி + லாபம் என்பது கணக்கேட்டுச் சமன்பாடு; எப்போதும் உண்மை. பங்குகள் ஏறத்தாழ மாறாமல் இருந்தால் அந்தச் சமன்பாட்டிலிருந்தே காப்-டக்ளஸ் வடிவம் தானாக வந்துவிடும், உள்ளே எந்தத் தொழில்நுட்பம் இருந்தாலும் சரி. 1974-இல் அன்வர் ஷேக், ஆங்கிலத்தில் 'ஹம்பக்' (புரட்டு) என்ற சொல்லின் வடிவில் புள்ளிகளை அடுக்கி, அதற்கும் இந்தச் சார்பு அழகாகப் பொருந்துவதைக் காட்டினார். ஆகவே நல்ல பொருத்தம் கிடைத்தது என்பதை மட்டும் வைத்து, அவரவர் உண்டாக்கியது அவரவருக்குப் போகிறது என்று முடிவு கட்டாதீர்கள். கூடுதலாக ஓர் ஆளை எடுப்பதா வேண்டாமா என்று ஓர் ஆலை தீர்மானிப்பதை விளக்க இறுதிநிலைச் சிந்தனை இன்றும் பயன்படும். ஒரு நாட்டின் மொத்த வருமானம் ஏன் இப்படிப் பிரிந்தது என்பதற்கு அது மட்டும் போதாது.

---

திண்ணைப்பாடம்:

மூவருக்கும் மிக்க நன்றி. சீனியர் கணக்கைப் போட்டுப் பார்த்ததும் 'சுழி' தெளிந்துவிட்டது. ஆண்டறிக்கை பற்றி யாராவது சொல்ல முடியுமா? கோவைப் பக்கத்து நூற்பாலைகளின் அறிக்கைகள் இணையத்தில் கிடைக்கின்றன, ஆனால் எந்த வரியை எங்கே போடுவது என்று பிடிபடவில்லை.

---

ஐந்தொகை பதில்:

போடலாம். பொறுமையாக, குறிப்புகளையும் சேர்த்துப் படிக்க வேண்டும்.

லாப நட்டக் கணக்கில் இந்த வரிகளை எடுங்கள்: செயல்பாட்டு வருவாய், மூலப்பொருள் செலவு, கையிருப்பு மாற்றம், ஊழியர் நலச் செலவு, நிதிச் செலவு, தேய்மானம், இதர செலவுகள். வருவாயோடு கையிருப்பு மாற்றத்தைச் சரிக்கட்டி, அதிலிருந்து மூலப்பொருளையும் இதர செலவையும் கழித்தால் மொத்த மதிப்புக் கூட்டல். தேய்மானத்தையும் கழித்தால் நிகரம். வட்டியைக் கழிக்காதீர்கள். அது வங்கிக்குப் போகும் உபரியின் பங்கு. மார்க்ஸின் 80-க்குள் வட்டியும் அடக்கம். வரியும் அப்படியே, வரிக்கு முந்தைய லாபத்தை எடுங்கள். பங்கு முதலீட்டு வருவாய், நிலம் விற்ற லாபம் போன்ற 'பிற வருமானம்' நூற்பில் சேராது, வெளியே வையுங்கள்.

பெரிய ஓட்டை கூலி வரியில் இருக்கிறது. ஒப்பந்தத் தொழிலாளருக்கான தொகை பல நிறுவனங்களில் 'ஊழியர் நலச் செலவு' தலைப்பில் வராமல் 'இதர செலவுகள்' குறிப்பில் கிடக்கும். அதைத் தேடி எடுத்துக் கூலியோடு சேர்க்காவிட்டால் ஆலை கொடுத்த கூலி குறைவாகத் தெரியும், மதிப்புக் கூட்டலும் அதே அளவு குறையும். எதிர்ப்பக்கம் இன்னொன்று: நிர்வாக இயக்குநரின் சம்பளமும் கமிஷனும் ஊழியர் நலச் செலவுக்குள் உட்கார்ந்திருக்கும். இயக்குநர் ஊதிய விவரம் அறிக்கையில் தனியாக இருக்கும். அதை எடுத்து உபரிப் பக்கம் போடுவதே முறை என்பது என் கருத்து.

தேய்மானம் கொள்கை சார்ந்த எண். மார்க்ஸின் ஆலைக்காரர் 10 சதவீதம் வைத்தார். 2013ஆம் ஆண்டுக் கம்பெனிச் சட்டத்தின் இரண்டாம் அட்டவணையில் பொதுவான இயந்திரத்துக்கு ஆயுள் 15 ஆண்டு. 5 சதவீத எச்ச மதிப்பை விட்டு நேர்கோட்டு முறையில் போட்டால் ஆண்டுக்கு 6.33 சதவீதம். அந்த விகிதத்தை 10,000 கதிருக்குப் பொருத்தினால் வாரத் தேய்மானம் 20-இலிருந்து 12.7 ஆகும், உபரி 87.3, விகிதம் 168. ஆலையில் எதுவுமே மாறவில்லை, ஆனாலும் 154 என்பது 168 ஆகிவிட்டது. இரண்டு ஆலைகளை ஒப்பிடும்முன் இருவரும் ஒரே தேய்மான முறை வைத்திருக்கிறார்களா என்று பாருங்கள். நிலத்தையோ இயந்திரத்தையோ மறுமதிப்பீடு செய்திருந்தால் லாப விகிதத்தின் கீழ் எண்ணே ஊதியிருக்கும்.

'உழைப்பின் பங்கு இத்தனை சதவீதம்' என்று செய்தித்தாளில் படிக்கும்போதும் எதன் மீது என்று கேளுங்கள். நம் மான்செஸ்டர் ஆலையிலேயே 52 என்பது 132-இல் 39.4 சதவீதம். வாடகையைச் செலவாகப் பார்க்காமல் சொத்துக்காரரின் வருமானமாகப் பார்த்தால் 138-இல் 37.7. தேய்மானத்தையும் கழிக்காத மொத்தத்தில், 158-இல் 32.9.

ஒரே ஆலையை விட்டுத் தொழில் முழுக்கப் பார்க்க வேண்டுமென்றால் தேசியப் புள்ளியியல் அலுவலகத்தின் தொழிற்சாலைகள் ஆண்டுக் கணக்கெடுப்பை எடுங்கள். அதில் 'தொழிலாளர் கூலி' ஒரு வரி, மேலாளர், எழுத்தர் எல்லாரையும் சேர்த்த 'மொத்த ஊதியம்' இன்னொரு வரி. மார்க்ஸின் 52-க்கு நெருக்கமானது முதலாவது. மின்சாரம் இருந்தால் 10 பேர், இல்லாவிட்டால் 20 பேர் என்பதுதான் பொதுவான கீழ் எல்லையாக இருந்து வந்திருக்கிறது. ஆகவே நாலைந்து தறி வைத்து ஓட்டும் கூடம் இதில் வராது. நூற்புக்குப் பெரும்பாலும் பொருந்தும், விசைத்தறிக்கு இந்த எண்களை நீட்டாதீர்கள்.

ஓர் ஆண்டை மட்டும் எடுத்து முடிவு சொல்ல வேண்டாம். பஞ்சு வரத்துக் காலத்தில் மலிவாக வாங்கிக் குவித்து, விலை ஏறிய பிறகு நூல் விற்ற ஆண்டில் உபரி திடீரென்று வீங்கும். அது கையிருப்பு லாபம். குறைந்தது ஐந்து ஆண்டுகளைச் சேர்த்துக் கூட்டி, அந்தக் கூட்டுத்தொகைகளை வகுங்கள். ஆண்டு விகிதங்களின் சராசரியை எடுத்தால் நட்டம் வந்த ஓர் ஆண்டே முழுக் கணக்கையும் திரித்துவிடும்.